எரிவாயு ஓவனும் அதன் சிறு சுடரும்

ஈப்போவிலிருந்து வடக்கே சுங்கை சிப்புட்டை நோக்கிச் செல்லும் வழியில் செமோர் இருக்கிறது. ஒரு பக்கம் கந்தான் சுண்ணாம்புக் குன்று. சுற்றிலும் ஒரு காலத்தில் ஈயம் தோண்டிய நிலங்களும் பால்மரத் தோட்டங்களும். அந்தத் தோட்டத்து லயங்களில் பிறந்தவர்கள் பலர் இன்று தாமான் வீடுகளில் குடியிருக்கிறார்கள். வீடு மாறியது, அடுப்பும் மாறியது. விறகு போய் மண்ணெண்ணெய் வந்தது. மண்ணெண்ணெய் போய் எரிவாயு வந்தது. பிறகு மேலே நான்கு அடுப்பும் கீழே ஒரு ஓவனுமாக, அலமாரி போல நிமிர்ந்து நிற்கும் பெரிய அடுப்பும் சில வீடுகளுக்கு வந்து சேர்ந்தது. இன்று நாம் பேசப் போவது அந்த ஓவனைப் பற்றி. குறிப்பாக, அதற்குள் கண்ணுக்குத் தெரிந்தும் தெரியாமலும் எரியும் பைலட் என்னும் சிறு சுடரைப் பற்றி.

முதலில் விறகடுப்பைப் பற்றி இரண்டு வார்த்தை சொல்லிவிடுகிறோம். காரணம் இருக்கிறது.

தோட்டத்தில் விறகுக்குப் பஞ்சமில்லை. பால் வற்றிய மரங்களை வெட்டி மறுநடவு செய்யும்போது கட்டைகள் மலைபோலக் குவியும். (அன்று அடுப்பில் வெந்த அதே பால்மரம் 1980-களிலிருந்து மேசை நாற்காலியாகி வெளிநாடுகளுக்குப் போகிறது.) அந்தக் கட்டையை எரிக்க ஓர் அறிவு வேண்டும். நெருப்புத் தணிந்தால் புகை வந்து கண்ணைக் கரித்துச் செய்தி சொல்லும். உடனே கட்டையைத் தள்ளி, ஊதாங்குழலை எடுத்து ஊத வேண்டும். கங்கு ஆறிப்போவதற்குள் மறுபடி பற்றவைத்துவிட வேண்டும். தாமதித்தால் சோறு கெட்டுப்போகும். இதுதான் நம் பாட்டிமார் நமக்குத் தந்த அடுப்புச் சாத்திரம். விறகுக்கு அது மிகச் சரி. எரிவாயுவுக்கோ அது முற்றிலும் தவறு.

செமோரில் நமக்குத் தெரிந்த ஒரு வீட்டில் நடந்ததைச் சொன்னால் இது விளங்கும். தீபாவளிக்குப் பத்து நாள் இருந்தது. அந்த வீட்டு மருமகள் ஓவனில் பிஸ்கோத்து சுட்டுக்கொண்டிருந்தார். இரண்டு தட்டு நன்றாக வந்தது. மூன்றாவது தட்டு உள்ளே இருக்கும்போது, கிந்தா பள்ளத்தாக்கில் வழக்கமாக வரும் மாலை மழை காற்றோடு வந்தது. பின்வாசல் கதவு படாரென்று அடித்துக்கொண்டது. அந்த வேகத்தில் ஓவனில் இருந்த நெருப்பு அணைந்துபோனதை யாரும் கவனிக்கவில்லை. சற்று நேரம் கழித்துப் பார்த்தால் பிஸ்கோத்து வெளுத்தே கிடக்கிறது. “சூடு ஆறுறதுக்குள்ள பத்த வைம்மா” என்றார் மாமியார். அவர் லயத்தில் விறகடுப்போடு வாழ்ந்தவர். அவர் அறிந்த அடுப்புக்கு அது சரியான யோசனைதான். மருமகள் மண்டியிட்டு, ஓவன் கதவைத் திறந்து, தீக்குச்சியைக் கிழித்தார். குமிழ் திறந்தபடியே இருந்தது.

புருவமும் முன்முடியும் கருகின. வலது கையில் கொப்புளம் எழுந்தது. நல்ல வேளை, கண்ணுக்கு ஒன்றும் ஆகவில்லை. அந்த ஓவன் வேறொரு குடும்பம் வீடு மாறும்போது மலிவாகக் கொடுத்துவிட்டுப் போனது. நெருப்பு அணைந்தால் வாயுவைத் தானே அடைக்கும் பாதுகாப்பு அதில் இல்லை.

ஏன் அப்படி நடந்தது? சமையல் எரிவாயு என்பது புரோப்பேன், பியூட்டேன் என்னும் இரண்டு வாயுக்களின் கலவை. அழுத்தம் கொடுத்துத் திரவமாக்கித் தோம்பில் அடைக்கிறார்கள். ஒரு லிட்டர் திரவம் வெளியே வந்தால் ஏறத்தாழ 250 லிட்டர் வாயுவாக விரியும். புரோப்பேன் காற்றைப் போல ஒன்றரை மடங்கு கனமானது. பியூட்டேன் இரண்டு மடங்கு. ஆகையால் கசியும் வாயு விறகுப் புகையைப் போல மேலே எழும்பிக் கூரை வழியாகப் போய்விடாது. தண்ணீர் போலத் தாழ்வான இடத்தைத் தேடிப் படியும். ஓவனின் அடித்தட்டு, அலமாரியின் அடிப்பக்கம், தரையில் உள்ள சாக்கடைத் துளை, இவையே அது தங்கும் இடங்கள்.

இன்னொரு கணக்கையும் பார்ப்போம். இந்த வாயு காற்றோடு நூற்றுக்கு ஏறத்தாழ 2 பங்கு முதல் 9 பங்கு வரை கலந்திருக்கும்போதுதான் பற்றிக்கொள்ளும். வீட்டு ஓவன் ஒன்றின் உள்ளிடம் 60 லிட்டர் என்று வைத்துக்கொள்வோம். அதில் நூற்றுக்கு இரண்டு பங்கு என்றால் 1.2 லிட்டர். ஒரு கோக்கோ-கோலா பெரிய போத்தல்கூட இல்லை. 3 கிலோவாட் திறனுள்ள ஓவன் பர்னர் முழுதும் திறந்திருந்தால் நிமிடத்திற்கு ஒன்றரை லிட்டருக்குக் குறையாமல் வாயு வரும். ஓவனில் காற்றோட்டத் துளைகள் இருப்பதால் கொஞ்சம் வெளியேறும் என்பது உண்மையே. ஆனாலும், குமிழைத் திறந்துவிட்டுத் தீப்பெட்டியைத் தேடப் போய்த் திரும்பும் நேரம், அதாவது ஒரு நிமிடம், போதுமானது. அந்த மருமகளின் ஓவனிலோ பல நிமிடங்கள் வாயு சேர்ந்திருந்தது.

இந்த ஆபத்தைத் தடுக்கத்தான் பைலட் சுடர் ஏற்பட்டது. பைலட் என்றவுடன் நமக்கு விமானம் ஓட்டுபவர் நினைவுக்கு வருவார். அதற்கும் முன்னால், துறைமுகத்துக்குள் கப்பலுக்கு வழிகாட்டி அழைத்து வருபவருக்கே அந்தப் பெயர் இருந்தது. ஓவனிலும் அதே வேலைதான். பெரிய பர்னருக்கு வாயு வரும்போது, அது தேங்கி நிற்காமல் வந்த மாத்திரத்தில் பற்றிக்கொள்ளும்படி, பக்கத்தில் ஒரு சிறு சுடர் எப்போதும் எரிந்து வழிகாட்டிக்கொண்டிருக்கிறது.

சரி, வழிகாட்டியே அணைந்துபோனால்? அங்கேதான் ஓர் அருமையான ஏற்பாடு இருக்கிறது. சுடரின் நுனியில் மெல்லிய செம்புக் குச்சி போன்ற ஒன்று நீட்டிக்கொண்டிருப்பதைப் பார்க்கலாம். அதற்குத் தெர்மோகப்பிள் என்று பெயர். வெப்ப மின்னிரட்டை என்று தமிழில் எழுதுவார்கள். இரண்டு வேறு உலோகங்களை ஒரு முனையில் இணைத்து, அந்த முனையைச் சூடாக்கினால் அவற்றினூடே மின்சாரம் பிறக்கும். பாட்டரி வேண்டாம், சுவரிலிருந்து வயர் வேண்டாம். இதை 1821-ஆம் ஆண்டில் கண்டவர் தாமஸ் யோஹான் சீபெக் என்னும் அறிஞர். இரண்டு உலோகங்களால் ஆன வளையத்தின் ஒரு பக்கத்தைச் சூடாக்கியபோது பக்கத்தில் இருந்த திசைகாட்டி ஊசி அசைந்தது. அவர் அதைக் காந்தத்தின் வேலை என்றே எண்ணினார். அது மின்சாரம் என்று பிறகு விளக்கியவர் டென்மார்க்கின் எர்ஸ்டெட். 1977-இல் ஏவப்பட்ட வாயேஜர் விண்கலங்களுக்கு மின்சாரம் கொடுப்பதும் இதே தத்துவந்தான். நம் வீட்டு ஓவனும் வாயேஜரும் ஒருவகையில் உறவு என்று சொன்னால் சிரிப்பு வரலாம், ஆனால் பொய்யில்லை.

ஓவன் தெர்மோகப்பிளில் பிறக்கும் மின்சாரம் மிக மிகச் சிறியது. ஏறத்தாழ 25 முதல் 30 மில்லிவோல்ட். கைவிளக்குப் பாட்டரி ஒன்றின் அழுத்தத்தில் ஐம்பதில் ஒரு பங்கு. இந்தச் சிறு மின்சாரம் ஒரு மின்காந்தத்துக்குப் போகிறது. அந்த மின்காந்தம் வாயு வரும் வழியில் உள்ள அடைப்பானைப் பிடித்து வைத்திருக்கிறது.

இங்கே நேயர்கள் ஒன்றைக் கவனிக்க வேண்டும். அந்த மின்காந்தத்திற்கு அடைப்பானை இழுத்துத் திறக்கும் பலம் கிடையாது. திறந்து கொடுத்தால் பிடித்துக்கொள்ளும் பலம் மட்டுமே உண்டு. வாசலில் நிற்கும் சிறு பிள்ளை கனமான கதவைத் தள்ளித் திறக்காது. நாம் திறந்து சாய்த்துக் கொடுத்தால் முதுகை வைத்துத் தாங்கிக்கொள்ளும் அல்லவா? அதுபோலத்தான். ஆகவே, கதவைத் திறப்பது நம் கை. குமிழை அழுத்துகிறோமே, அதுதான் திறப்பது. சுடர் எரிந்து, தெர்மோகப்பிளின் நுனி சூடேறி, மின்சாரம் பிறந்து, மின்காந்தம் பிடித்துக்கொள்ளும் வரை நம் கை அழுத்தியபடியே இருக்க வேண்டும். இதற்குப் பதினைந்து முதல் முப்பது விநாடிவரை பிடிக்கும்.

“பற்றிக்கொண்டது, கையை எடுத்தேன், அணைந்துவிட்டது, ஓவன் கெட்டுவிட்டது” என்று பலர் சொல்லக் கேட்கிறோம். பெரும்பாலும் ஓவன் கெடவில்லை. ஐந்து விநாடியில் கையை எடுத்துவிட்டார்கள், அவ்வளவுதான். சுடர் தெரிந்தவுடன் வேலை முடிந்துவிட்டதாகக் கண் சொல்கிறது. உலோகத்தின் நுனி சூடேற வேண்டுமே என்பது கண்ணுக்குத் தெரிவதில்லை. மெதுவாக முப்பது எண்ணுங்கள்.

பைலட் எக்காரணத்தாலாவது அணைந்தால், நுனி ஆறும், மின்சாரம் குறையும், ஏறத்தாழ ஒரு நிமிடத்திற்குள் மின்காந்தம் கையை விட்டுவிடும். ‘டக்’ என்று சின்னச் சத்தம் கேட்கும். வாயு அடைபட்டுவிட்டது என்று பொருள். அமைதியான சமையலறையில் காது கொடுத்தால் நன்றாகவே கேட்கும்.

இனி ஏற்றும் முறைக்கு வருவோம். ஒவ்வோர் ஓவனுக்கும் அதனதன் கையேடு உண்டு. அது சொல்வதே முதன்மை. எல்லாவற்றுக்கும் பொதுவானதை நாம் சொல்கிறோம்.

தீக்குச்சியை எடுப்பதற்கு முன் மூக்கைப் பயன்படுத்துங்கள். நின்றபடி முகர்ந்தால் போதாது. வாயு கீழே தங்கும் என்று சொன்னோம். குனிந்து, ஓவன் அடியிலும் தரையோரத்திலும் முகர்ந்து பார்க்க வேண்டும். வாடை இருந்தால் ஏற்றும் பேச்சே வேண்டாம். அதற்கு என்ன செய்வது என்று பின்னால் சொல்வோம். வாடை இல்லையென்றால் பின்கதவையும் சன்னலையும் திறந்து வையுங்கள். செமோர் பக்கத்துத் தொடர்வீடுகளில் பின்னால் இருந்த வெற்றிடத்தைக் கூரை போட்டு மூடிச் சமையலறையாக்கியவர்கள் மிகுதி. இடம் பெரிதாயிற்று, காற்று வரும் வழி குறைந்தது. அப்படிப்பட்ட வீட்டில் கதவைத் திறப்பது இன்னும் அவசியம். பலத்த காற்று வீசினால் மட்டும் சுடரின் பக்கம் நேராக அடிக்காதபடி பார்த்துக்கொள்ளுங்கள்.

அடுத்தது ஓவனைக் காலி செய்வது. சிரிக்காதீர்கள். பதினொரு மாதம் ஓவன் நமக்கு அலமாரிதானே? முறுக்குச் சட்டி, கேக் அச்சு, பழைய தட்டு, பிளாஸ்டிக் டப்பா எல்லாம் உள்ளே இருக்கும். எல்லாவற்றையும் வெளியே எடுத்துவிட்டு அடித்தட்டைப் பார்த்தால் அதில் ஒரு சிறு துளை தெரியும். அதன் வழியாகப் பார்த்தால் பர்னரும், அதன் ஓரத்தில் பைலட் முனையும் இருக்கும். சில ஓவன்களில் அடித்தட்டையே தூக்கி எடுக்க வேண்டியிருக்கும். பகலிலேயே, ஒரு கைவிளக்கைப் பிடித்து, முனை எங்கே இருக்கிறது என்று தெரிந்துகொள்ளுங்கள். எங்கே ஏற்றுவது என்று தெரியாமல் வாயுவைத் திறந்து வைத்துக்கொண்டு தேடுவதுதான் பாதி விபத்துக்கு வித்து என்பது நம் கருத்து.

எல்லாக் குமிழ்களும் மூடியிருக்கின்றனவா என்று பார்த்துவிட்டுத் தோம்பின் ரெகுலேட்டரைத் திறக்க வேண்டும். நீளமான தீக்குச்சியோ நீண்ட கழுத்துள்ள லைட்டரோ எடுத்துக்கொள்ளுங்கள். இப்போது வரிசை முக்கியம். முதலில் நெருப்பு, பிறகுதான் வாயு. எரியும் குச்சியைப் பைலட் முனையருகே கொண்டுபோய்ப் பிடித்த பின்னரே, மறுகையால் குமிழைப் பைலட் என்னும் குறிக்குத் திருப்பி அழுத்த வேண்டும். முகத்தை ஓவன் வாய்க்கு நேரே வைக்காமல் ஒரு பக்கமாக ஒதுங்கி இருங்கள். முந்தானையை இடுப்பில் சொருகி, தொங்கும் கூந்தலை முடிந்துகொள்வது நல்லது. பிள்ளைகள் கூடத்தில் இருக்கட்டும்.

சுடர் பற்றியதும் குச்சியை எடுத்துவிட்டு, அழுத்திய கையை அப்படியே வைத்து முப்பது எண்ணி, மெல்ல விடுங்கள். சுடர் நின்றால் மின்காந்தம் பிடித்துக்கொண்டது. பிறகு வேண்டிய சூட்டுக்குக் குமிழைத் திருப்பினால் பெரிய பர்னர் பற்றும். சில வகைகளில் இது உடனே நடக்கும். வேறு சிலவற்றில் பைலட் முதலில் சற்றுப் பெரிதாகி இன்னோர் உணர்முனையைச் சூடாக்கிய பின்புதான் பர்னருக்கு வாயு வரும். ஒரு நிமிடம்வரைகூட ஆகலாம். அது கோளாறு அல்ல. பர்னர் முழுவதும் பற்றிவிட்டதைக் கண்ணால் பார்த்த பிறகே ஓவன் கதவை மூட வேண்டும்.

பற்றவில்லை என்றால்? குமிழை மூடுங்கள். கதவைத் திறந்தபடி விடுங்கள். ஐந்து நிமிடம் கழித்து, மறுபடி முகர்ந்து பார்த்து, பிறகு முயலுங்கள். அந்த ஐந்து நிமிடந்தான் விறகடுப்புக்கும் வாயு அடுப்புக்கும் உள்ள வேறுபாடு. மாவு காத்திருந்தால் கெட்டுப்போகாது.

இரண்டு மூன்று முறை முயன்றும் ஏறவில்லை என்றால் காரணம் தேட வேண்டும். புதுத் தோம்பு மாற்றியிருந்தால் குழாயில் காற்று நிற்கும். அது வெளியேறி வாயு வந்து சேரக் கூடுதல் நேரம் பிடிக்கும். பைலட் முனையின் துளை குண்டூசித் தலையைவிடச் சிறியது. ஓவன் மாதக்கணக்கில் சும்மா கிடந்தால் சிலந்தி அதில் கூடு கட்டிவிடும். எண்ணெய்ப் பிசுக்கும் அடைக்கும். இதை ஊசி விட்டுக் குத்தக் கூடாது. துளை பெரிதாகிவிட்டால் சுடரின் அளவே மாறிவிடும். தெரிந்த பழுதுபார்ப்பவரிடம் விட்டுவிடுங்கள். சுடர் நன்றாக எரிந்தும், முப்பது எண்ணியும், கையை விட்டதும் அணைகிறதென்றால், தெர்மோகப்பிளின் நுனியில் கரி படிந்திருக்கலாம், அது சுடருக்குள் படாமல் விலகியிருக்கலாம், அல்லது தேய்ந்துபோயிருக்கலாம். தெர்மோகப்பிள் மாற்றக்கூடிய பொருள்; ஓவனைத் தூக்கி எறிய வேண்டியதில்லை. ஆனால் யாராவது, “இந்தப் பாதுகாப்பு தொல்லை கொடுக்கிறது, எடுத்துவிட்டு நேராக இணைத்துத் தருகிறேன்” என்று சொன்னால், அவருக்குத் தேநீர் கொடுத்து அனுப்பிவிடுங்கள்.

சுடரின் நிறத்தையும் பாருங்கள். நீலமாக, அசையாமல் எரிய வேண்டும். மஞ்சளாக ஆடிக்கொண்டிருந்தால் காற்று போதவில்லை. பாத்திரத்தில் கரி பிடிப்பது சிறிய துன்பம். கார்பன் மோனாக்சைடு என்னும் நச்சு வாயு உண்டாவது பெரிய துன்பம். அதற்கு நிறமும் இல்லை, மணமும் இல்லை.

மணத்தைச் சொன்னோம். சமையல் எரிவாயுவுக்கும் இயற்கையில் சொல்லத்தக்க மணம் கிடையாது. அழுகிய முட்டைக்கோசு போன்ற அந்த நாற்றம் வேண்டுமென்றே சேர்க்கப்படுவது. மெர்காப்டன் என்னும் கந்தகப் பொருள். 1937 மார்ச் 18-ஆம் நாள் அமெரிக்காவின் டெக்சஸ் மாநிலத்தில் நியூ லண்டன் என்ற ஊரில் ஒரு பள்ளிக்கூடத்தின் அடியில் இயற்கை எரிவாயு கசிந்து சேர்ந்திருந்தது. மணமில்லாத வாயு, யாருக்கும் தெரியவில்லை. ஒரு மின்கருவியின் பொறி பட்டுக் கட்டடமே எழும்பி விழுந்தது. ஏறத்தாழ 300 பேர் மாண்டார்கள், பெரும்பாலோர் குழந்தைகள். அதன் பிறகே எரிவாயுவில் நாற்றம் சேர்க்க வேண்டும் என்று டெக்சஸில் சட்டம் வந்தது; மற்ற இடங்களுக்கும் அந்த வழக்கம் பரவியது. நம் மூக்கைச் சுளிக்க வைக்கும் அந்த வாடைக்குப் பின்னால் அத்தனை பிள்ளைகளின் கதை இருக்கிறது.

ஆகவே, வாடை வந்தால் அதை மதிக்க வேண்டும். நெருப்பு இருந்தால் அணைத்து, தோம்பின் ரெகுலேட்டரை மூடி, கதவு சன்னல்களைத் திறந்து வையுங்கள். மின்விசிறியைப் போட்டு வாயுவை விரட்டலாம் என்று தோன்றும்; கூடாது. மின்விசையைப் போடுவதிலும் பொறி உண்டு, அணைப்பதிலும் பொறி உண்டு. இருப்பது இருந்தபடியே இருக்கட்டும். எல்லோரும் வெளியே வந்து, வெளியே நின்றுதான் தொலைபேசியை எடுக்க வேண்டும். வாடை குறையவில்லை என்றால் 999-ஐ அழைத்தால் தீயணைப்பு மீட்புப் படையினர் வருவார்கள். ரப்பர் குழாய் கசிகிறதா என்று பார்க்கச் சவர்க்கார நுரையைத் தடவிப் பாருங்கள். குமிழி எழுந்தால் கசிவு. தீக்குச்சி வைத்துச் சோதிப்பவர்கள் இன்னும் இருக்கிறார்கள் என்பதால் இதைச் சொல்கிறோம். தோம்பைச் சிங்க்கின் அடியில் மூடிய அலமாரிக்குள் ஒளித்து வைப்பதும் அழகுக்காகச் செய்யும் பிழை. அது காற்றோட்டமான இடத்தில் நிமிர்ந்து நிற்க வேண்டும்.

தீப்பட்டுவிட்டால், பட்ட இடத்தைக் குழாய்த் தண்ணீரில் இருபது நிமிடம் காட்டுங்கள். பற்பசையும் கிச்சாப்பும் சமையலறையில் அவற்றின் இடத்திலேயே இருக்கட்டும். கொப்புளத்தை உடைக்காமல் மருத்துவமனைக்குப் போங்கள்.

நம் வீட்டு ஓவனில் பைலட்டே இல்லையே என்று சிலர் நினைக்கலாம். உண்மைதான், இன்று கடைகளில் விற்கும் பல ஓவன்களில் பைலட் கிடையாது. பெரிய பர்னரையே நேராகப் பற்றவைக்க வேண்டும், அல்லது பொத்தானை அழுத்தினால் மின்பொறி பற்றவைக்கும். ஆனால் அவற்றிலும் குமிழை அழுத்திப் பிடிக்கச் சொல்லியிருந்தால் உள்ளே தெர்மோகப்பிள் இருக்கிறது என்று அறியலாம். மேலே சொன்ன கணக்கு அப்படியே பொருந்தும். அழுத்திப் பிடிக்காமலே பற்றி, விட்டாலும் எரியும் பழைய ஓவன் என்றால், அதில் பாதுகாப்பு இல்லாமலிருக்கலாம் என்று சந்தேகிக்க வேண்டும். நாம் சொன்ன மருமகளின் ஓவன் அப்படிப்பட்டதுதான். அத்தகைய ஓவனில் இன்னோர் ஆபத்தும் உண்டு. வாயு தீர்ந்து நெருப்புத் தானே அணையும். குமிழ் திறந்திருப்பதை மறந்து புதுத் தோம்பை மாட்டினால் பற்றாத வாயு வந்துகொண்டே இருக்கும். தோம்பு மாற்றும் முன் ஒவ்வொரு குமிழையும் தொட்டுப் பார்ப்பதை வழக்கமாக்கிக்கொள்ளுங்கள்.

கடைசியாக ஒரு கேள்வி. பைலட்டை ஆண்டு முழுவதும் எரிய விடலாமா? சுடர் சிறிதுதான். ஆனால் இரவு பகல் ஓயாமல் எரிகிறது. அது 50 வாட் அளவு வெப்பம் தருவதாகக் கொண்டால் மாதத்திற்கு இரண்டரை முதல் மூன்று கிலோ வாயு ஆகும். 14 கிலோ தோம்பில் ஐந்தில் ஒரு பங்கு, ஒரு பிஸ்கோத்துகூடச் சுடாமலே போய்விடுகிறது. 2024-இல் தீபகற்பத்தில் அந்தத் தோம்பின் மானிய விலை 26 வெள்ளி 60 காசு. அப்படியானால் மாதம் ஐந்து வெள்ளிக்குமேல் வீண். அமெரிக்காவில் இந்தக் கணக்கைப் பார்த்துத்தான் 1987-இல் சட்டம் இயற்றி, மின்வயர் பொருத்திய வீட்டு எரிவாயு அடுப்புகளில் ஓயாமல் எரியும் பைலட்டை 1990 முதல் தடைசெய்தார்கள். மின்வயர் இல்லாதவற்றுக்கும் 2012-இல் அந்தத் தடை வந்தது.

அதனால், சுட்டு முடித்த அன்றே பைலட்டையும் அணைத்துவிடலாம். குமிழை முழுவதும் மூடி, ‘டக்’ என்ற சத்தத்தைக் கேட்டு, தோம்பின் ரெகுலேட்டரையும் மூடுங்கள். ஓவன் நன்றாக ஆறிய பிறகு முறுக்குச் சட்டியும் கேக் அச்சும் தங்கள் பழைய இடத்துக்குத் திரும்பலாம். அவற்றை வைத்த கையோடு, “உள்ளே பாத்திரம் இருக்கிறது” என்று ஒரு தாளில் எழுதிக் குமிழின் மேல் ஒட்டிவிடுங்கள். அடுத்த முறை ஓவனைத் தொடுபவர் நீங்களாகவே இருப்பீர்கள் என்று சொல்ல முடியாது.